குட்டிச் சிங்க மீன் வாங்கும் முன்: கேள்வி-பதில்

கடல்மீன் தொட்டி வைத்திருப்பவர்களிடமிருந்து இந்த முறை நிறையக் கடிதங்கள். பாதிக்கு மேல் 'டுவார்ஃப் லயன்' என்று கடைகளில் விற்கும் குட்டிச் சிங்க மீனைப் பற்றியவைதான். தேள்மீன் குடும்பத்தில் டென்ட்ரோகைரஸ் என்ற பேரினம் அது. பெரும்பாலும் அந்தக் கடிதங்களையே எடுத்துக்கொண்டேன்.

கேள்வி: ஒன்றரை வருடம் முன்பு, "குட்டி ரகம் சார், உள்ளங்கை அளவுதான்" என்று சொல்லி 4,500 ரூபாய்க்குக் கொடுத்தார்கள். இப்போது ஒரு அடியைத் தொடுகிறது. கூட இருந்த இரண்டு கோமாளி மீன்களையும் காணவில்லை. படம் இணைத்துள்ளேன். (சேலம்)

பதில்: உங்கள் மீது ஒரு தப்பும் இல்லை. படத்தில் இருப்பது குட்டி ரகமே அல்ல, டெரோயிஸ் வோலிட்டன்ஸ் என்னும் பெரிய சிவப்புச் சிங்க மீன். 38 சென்டிமீட்டர் வரை வளரும். சின்னதாக இருக்கும்போது இரண்டும் ஒன்றுபோலத் தெரியும், அதை வைத்துத்தான் ஏமாற்றுகிறார்கள். இதே மீனை இதே பொய்யோடு நானும் வாங்கியிருக்கிறேன். மூன்றடித் தொட்டியில் அது திரும்ப இடமில்லாமல் நின்றதைப் பார்த்தது இன்னும் வலிக்கிறது.

அடையாளம் அந்தப் பேரிலேயே இருக்கிறது. டென்ட்ரோகைரஸ் என்றால் கிரேக்கத்தில் 'மரக்கை'. ஸ்வெயின்சன் 1839-இல் வைத்த பெயர். செவுளுக்குப் பின்னால் விரியும் பக்கத் துடுப்பைப் பாருங்கள். குட்டி ரகத்தில் அதன் மேல்பக்கக் கதிர்கள் மரக்கிளைபோலப் பிரிந்திருக்கும், இடையில் சவ்வு கிட்டத்தட்ட நுனிவரை ஓடும், மொத்தத்தில் விசிறிபோல இருக்கும். பெரிய ரகத்தில் கதிர்கள் நீண்டு, தனித்தனி இறகுகளாகத் தொங்கும்.

இன்னொன்று, 'உள்ளங்கை அளவு' என்பதும் எல்லாவற்றுக்கும் பொருந்தாது. வரிக்குதிரைச் சிங்க மீன் 25 சென்டிமீட்டர் வரை போகும். குட்டைத் துடுப்புள்ளது 17 வரை. முதுகுத் துடுப்பில் இரண்டு கண்புள்ளியும் தாடையில் இரண்டு மீசையும் உள்ள ரகம்தான் 12, 13-இல் நிற்கும்.

ரகத்தை மாற்றிச் சொல்லி விற்பது நேர்மையற்ற வணிக நடைமுறை. இரண்டு ஆண்டுக்குள் நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாம், உங்களுக்கு இன்னும் ஆறு மாதம் இருக்கிறது. முதலில் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் பேசுங்கள்.

கேள்வி: 60 லிட்டர் தொட்டி. சின்னக் கோபி மீன்களும் இரண்டு இறாலும் இருக்கின்றன. ஒரு குட்டிச் சிங்கம் விடலாமா? (திருப்பூர்)

பதில்: வேண்டாம். வாயில் நுழைவதெல்லாம் அதற்கு இரை.

கேள்வி: கொளத்தூரில் மீசை வைத்த ரகம் ஒன்று வாங்கினேன். ஒருநாளும் சாப்பிடவில்லை, ஒன்பதாம் நாள் செத்துவிட்டது. "உயிருள்ள பொருளுக்கு கேரண்டி இல்லை" என்று சுவரில் ஒட்டியிருப்பதைக் கடைக்காரர் காட்டுகிறார். பில் தரவில்லை. (அம்பத்தூர்)

பதில்: அந்தச் சுவரொட்டியைக் கிழித்தெறிய வேண்டும் என்று எனக்கு எத்தனையோ வருடமாக ஆசை. அதை ஒட்டினால் சட்டமே கடைக்குள் வராது என்று அவர்கள் நம்புகிறார்கள், நாமும் நம்பித் திரும்பி வந்துவிடுகிறோம். 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் 'பொருள்' என்றால் எல்லா அசையும் சொத்தும்தான், மீனுக்கு விலக்கு கிடையாது. பில் தராதது தனியாக ஒரு குற்றச்சாட்டு. குறையுள்ள பொருளைத் திரும்ப எடுக்க மறுப்பது இன்னொன்று. பில்லில் கெடு எதுவும் போடாவிட்டால் 30 நாள் கணக்கு. பொருளின் விலை 5 லட்சத்துக்குள் என்றால் ஆணையத்தில் கட்டணமும் கிடையாது.

ஆனால் வாங்கும்போதே குறை இருந்தது என்று நீங்கள் காட்டியாக வேண்டும், கஷ்டம் அங்கேதான். விற்பனைக்கு வரும் சிங்க மீன்கள் பெரும்பாலும் பவளப்பாறையில் பிடித்தவை, பண்ணையில் பொரித்த குஞ்சுகள் அல்ல. பிலிப்பைன்ஸிலும் இந்தோனேசியாவிலும் சயனைடு தெளித்து மீன் பிடிக்கும் பழக்கம் உண்டு, அப்படிப் பிடித்தது கண்ணுக்கு நன்றாகத் தெரிந்தாலும் பிறகு சாகலாம். அது போக, இவை இருட்டில் வேட்டையாடுபவை, ஓடும் இரையைத்தான் இரையென்று அறியும், மீசை ரகத்தைப் பழக்குவது இன்னும் கடினம். அதனால்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன், உறைந்த இறாலை உருக்கிப் போட்டு, கடையில் உங்கள் கண்ணெதிரே அது தின்ற பிறகுதான் பணத்தை எடுங்கள். தின்பதை போனில் படம் பிடியுங்கள். ரகத்தின் பெயரையும் தேதியையும் பில்லில் எழுதச் சொல்லுங்கள். எழுத மறுக்கும் கடையில் வாங்காதீர்கள்.

இப்போதைக்கு, ஜிபே ரசீதும் வாட்ஸ்அப் உரையாடலும் இருந்தால் அழிக்காமல் வையுங்கள். ஆதாரமாகும்.

கேள்வி: ஒரு வருடமாக கோல்டு ஃபிஷ் குஞ்சுகள்தான் போடுகிறேன், மலிவு. மீன் மந்தமாக இருக்கிறது. கடையில் கேட்டு வேறு மீன் மாற்றிக்கொள்ளலாமா? (கோவை)

பதில்: மாற்ற வேண்டியது தீனியை. நன்னீர்க் குஞ்சுகளின் கொழுப்பு கடல்மீனுக்கு ஒத்துக்கொள்ளாது, ஈரலைக் கெடுக்கும். கோல்டு ஃபிஷ்ஷில் பி1 வைட்டமினைச் சிதைக்கும் நொதியும் இருக்கிறது. ஒரு வருடம் பட்டினி போட்டதற்குச் சமம் அது, இதில் கடைக்காரரைக் குறை சொல்ல எதுவுமே இல்லை. கடல் இறால் துண்டைக் குச்சியில் செருகி ஆட்டிக் காட்டுங்கள், பொறுமையாக, தினமும்.

கேள்வி: கண்ணாடி துடைக்கும்போது முள் குத்தி, கை முழங்கைவரை வலி. குட்டி ரகத்தில் விஷம் இல்லை என்று சொல்லித்தான் விற்றார்கள். (நாகர்கோவில்)

பதில்: அப்பட்டமான பொய், ஆபத்தான பொய். முதுகில் 13 முள், வயிற்றுத் துடுப்புக்கு ஒன்று வீதம் இரண்டு, பின்துடுப்பில் மூன்று, எல்லாமே விஷ முட்கள். இனி குத்தினால் 45 டிகிரிக்கு மேல் போகாத சுடுநீரில் 30 முதல் 90 நிமிடம் கையை வையுங்கள், அந்த விஷம் சூட்டில் சிதையும். வெந்துவிடாமல் இருக்க மற்றக் கையால் சூடு பார்த்துக்கொள்ளுங்கள். மூச்சுத் திணறலோ வீக்கமோ வந்தால் உடனே மருத்துவமனை. மருத்துவச் செலவு ரசீதுகளோடு புகார் கொடுங்கள், இதை விடக்கூடாது.

கேள்வி: தூத்துக்குடியிலிருந்து உயிருள்ள பவளம் குறைந்த விலைக்கு, பில் இல்லாமல் தருகிறேன் என்கிறார்கள். (மதுரை)

பதில்: பாறை கட்டும் பவளங்கள் 2001 முதல் வனவிலங்குச் சட்டத்தின் பாதுகாப்பில் உள்ளன. வைத்திருந்தாலே வழக்கு.

கேள்வி: மீன் பெரிதாகிவிட்டது. ராமேஸ்வரம் கடலில் விட்டுவிடலாமா? (காரைக்குடி)

பதில்: கூடாது. தொட்டி நோய் கடலுக்குப் போகும். ஃபுளோரிடா பக்கம் 1985-இல் முதன்முதலில் பார்த்த சிங்க மீன், மீன் தொட்டிகளிலிருந்து வந்ததாகத்தான் கருதப்படுகிறது. இன்று கரீபியன் முழுக்கப் பரவி அங்கிருக்கும் சின்ன மீன்களைத் தின்று தீர்க்கிறது. பெரிய தொட்டி உள்ளவர் யாராவது எடுத்துக்கொள்கிறாரா என்று கேளுங்கள், விற்ற கடையையும் கேளுங்கள். ஆள் கிடைக்கும்வரை அது உங்கள் பொறுப்பு.