ஒரிஜினல் கேஸ் ஷீட்டைக் கையைவிட்டு விடாதீர்கள்

கேள்வி: 14 மாதங்களுக்கு முன் தனியார் மருத்துவமனையில் கர்ப்பப்பை ஆபரேஷன் முடிந்த இரவே என் அக்கா இறந்துபோனார். செலவை இன்சூரன்ஸ் நிறுவனம் கட்டியது. "நீங்கள் காசு கட்டவில்லை, நுகர்வோர் வழக்கு நிற்காது, ஆவணப்படம் எடுத்தால்தான் நியாயம் கிடைக்கும்" என்று ஒருவர் ஒரிஜினல் பேப்பர்களையும் 40,000 ரூபாயும் கேட்கிறார். கொடுக்கலாமா? - ஒரு வாசகி, திண்டுக்கல்

பதில்: பேப்பரும் வேண்டாம், பணமும் வேண்டாம். நானும் ஆவணப்படம் எடுப்பவன்தான். பறிகொடுத்த வீட்டில் காசு வாங்கிப் படம் எடுப்பவரை நம்பவே நம்பாதீர்கள். எனக்குத் தெரிந்த ஒரு குடும்பம் நம்பியது. அழ அழப் பேட்டி எடுத்துக்கொண்டு போன ஆள், அதைக் காட்டி மருத்துவமனையிடம் பேரம் பேசி முடித்துவிட்டார். படமும் வரவில்லை, கேஸ் ஷீட்டும் (சிகிச்சை விவரம் எழுதிய மருத்துவமனைப் பதிவு) திரும்பவில்லை.

வழக்கு நிற்காது என்பதும் பொய். மருத்துவமனைகளும் நுகர்வோர் சட்டத்துக்குள் வரும் என்று தீர்ப்பான 1995 சாந்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது: இன்சூரன்ஸ் கட்டினாலும் அது கட்டணம்தான். எல்லோருக்குமே இலவசமாக வைத்தியம் பார்க்கும் இடத்துக்கு மட்டும்தான் நுகர்வோர் வழக்கிலிருந்து விலக்கு. அங்கே பதிவுச் சீட்டுக்குக் கொஞ்சம் காசு வாங்கினாலும் அது கணக்கில் வராது. ஆனால் சிலரிடம் கட்டணம் வாங்கி, ஏழைகளுக்கு மட்டும் இலவசமாகப் பார்க்கும் மருத்துவமனை என்றால், அந்த ஏழையும் வழக்குப் போடலாம். உங்கள் அக்காவுக்கு இந்த விலக்கு பொருந்தாது.

வழக்குப் போட உங்களுக்கு இருப்பது இரண்டு வருடக் கெடு. அதில் 14 மாதம் போய்விட்டது. முதலில் அக்கா கணவர் பெயரில் முழு கேஸ் ஷீட், மயக்க மருந்துக் குறிப்பு, நர்ஸ் எழுதிய குறிப்பு எல்லாவற்றையும் கேட்டு ஸ்பீடு போஸ்டில் கடிதம் அனுப்புங்கள். 72 மணி நேரத்தில் தர வேண்டும் என்பது 2002-ஆம் ஆண்டு விதி. தர மாட்டார்கள், அலைக்கழிப்பார்கள். அனுப்பிய ரசீதைப் பத்திரமாக வையுங்கள், பின்னால் அதுவே பேசும். அப்புறம் மாவட்ட நுகர்வோர் ஆணையம்.

சீக்கிரம் முடியும் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. கொல்கத்தாவில் நடந்த தவறான சிகிச்சையால் 1998-இல் மனைவியை இழந்த குணால் சாஹா தானே ஒரு டாக்டர். உச்ச நீதிமன்றம் அவருக்குச் சுமார் 6 கோடி ரூபாய் இழப்பீடு வழங்கியது 2013-இல். டாக்டருக்கே 15 வருடம் என்றால் உங்களை என்ன பாடு படுத்துவார்கள் என்று நினைத்தாலே கொதிக்கிறது.

படம் அப்புறம் வரட்டும். யாராவது நேர்மையாக எடுக்க வந்தால் ஜெராக்ஸ் மட்டும் கொடுங்கள். எந்தத் தாளிலும் உங்கள் வக்கீல் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். கேமரா முன்னால் "கொன்றுவிட்டார்கள்" என்று சொல்லாதீர்கள். அவதூறு நோட்டீஸ் வரும். அந்த இரவு எத்தனை மணிக்கு ரத்தம் போக ஆரம்பித்தது, யாரைக் கூப்பிட்டீர்கள், டாக்டர் எப்போது வந்தார் என்று கண்ணால் பார்த்ததை மட்டும் சொல்லுங்கள். அதை இன்றைக்கே ஒரு நோட்டில் எழுதி வையுங்கள்.