மனநோய் பத்தின எண்ணம் காலங்காலமா எப்படி மாறி வந்திருக்கு? இப்ப நெசமாவே மாறிருச்சா?

நான் டாக்டர் இல்லீங்க, காங்கேயம் பக்கம் மெடிக்கல் ஷாப் வெச்சிருக்கேன், ஃபார்மசி படிச்ச காலத்துல இருந்தே மாத்திரை எல்லாம் எப்படி வந்துச்சுன்னு தேடிப் படிக்கற பழக்கம். அந்தப் பழக்கத்துல சொல்றேன். பொதுவா இந்தக் கேள்விக்கு "முன்னாடி பேய்னாங்க, அப்புறம் பாவம்னாங்க, இப்ப மூளையில கெமிக்கல்ங்கறாங்க"ன்னு வரிசையா சொல்லி முடிச்சுருவாங்க. அது சரிதான், ஆனா என்னைக் கேட்டா காரணம் மாறினது பாதிக் கதைதான். நோவு வந்த ஆளை எங்க வெச்சிருந்தாங்க, கதவு எந்தப் பக்கம் பூட்டியிருந்துச்சு, யாரு சோறு போட்டாங்க, இதுதான் அந்த ஆளுக்கு முக்கியம். இந்த ரெண்டும் ஒண்ணாச் சேந்து மாறவே இல்லீங்க.

காக்கா வலிப்பையே எடுத்துக்கங்க. கிரேக்கத்துல ஹிப்போகிராட்டஸ் பேர்ல இருக்கற நூல்ல ஒண்ணு, கி.மு. 400 வாக்குல எழுதினது, இது சாமி குத்தம் எல்லாம் இல்ல, மத்த நோயாட்ட இதுவும் ஒரு நோய், மூளையில இருந்து வருதுன்னு தெளிவா சொல்லிருச்சு. இன்னைக்கும் நம்ம சந்தையில ஒரு ஆளு வலிப்பு வந்து விழுந்தா நாலு பேரு ஓடி வந்து சாவிக்கொத்தைக் கையில திணிக்கறாங்க. அவங்களை விடுங்க, நம்ம இந்து திருமணச் சட்டமே 1999 வரைக்கும் பைத்தியத்தையும் வலிப்பையும் ஒரே வரியில வெச்சுத்தான் கல்யாணத்துக்குத் தகுதி பேசிட்டு இருந்துச்சு, அந்த வருசத் திருத்தத்துலதான் வலிப்பை எடுத்தாங்க. ரெண்டாயிரம் வருசத்துக்கு மேல ஆயிருச்சு பாருங்க.

நம்ம பக்கத்து வைத்தியமும் லேசுப்பட்டது இல்ல. சரக சம்ஹிதைங்கற ஆயுர்வேத நூல் உன்மாதம்னு பைத்தியத்துல அஞ்சு வகை சொல்லுது, வாதம், பித்தம், கபம், மூணும் சேந்ததுன்னு நாலு, அஞ்சாவது வெளிய இருந்து வர்றது, அதாவது தேவர், கந்தர்வர், பூதம் வகையறா. ரெண்டையும் ஒரே நூல்லயே வெச்சுக்கிட்டாங்க. நம்மூர்லயும் அதேதான், ஒரு பக்கம் நல்லெண்ணெய் தேச்சு எலுமிச்சம்பழம் வெச்சு குளிக்க வெப்பாங்க, இன்னொரு பக்கம் கருப்பராயன் கோயில்ல பூ கேட்டுட்டு இருப்பாங்க.

ஐரோப்பாவுல லண்டன் பெத்லம்ங்கற மனநோய் ஆஸ்பத்திரிக்குள்ள 1770 வரைக்கும் சனங்க வேடிக்கை பாக்கவே போய்ட்டு இருந்திருக்காங்க. அப்புறம் பாரிஸ்ல பிசேத்ர்னு மனநோயாளிங்களை வெச்சிருந்த ஒரு இடம், அங்க பொறுப்புல இருந்த ஜான் பாப்டிஸ்ட் புஸ்ஸேன்னு ஒருத்தர் 1797ல சங்கிலியைக் கழட்டினாரு. இவரு டாக்டரே இல்ல, ஒரு காலத்துல அங்கயே கண்டமாலைக்கு (கழுத்துல கட்டி வர்ற நோய்) வைத்தியம் பாத்துக்க வந்த நோயாளி. பேரு என்னமோ பினெல்ங்கற டாக்டருக்குப் போயிருச்சு, படம் வரைஞ்சதும் அவருக்குத்தான் (வேலை பாத்தவன் ஒருத்தன் பேரு வாங்கினவன் ஒருத்தன், எங்கயும் அப்படித்தான் போல). அதே சமயத்துல, 1796ல இங்கிலாந்துல யார்க்ல வில்லியம் டியூக்னு ஒரு டீத்தூள் வியாபாரி ஒரு இல்லம் ஆரம்பிச்சாரு, நல்ல சாப்பாடு, தோட்ட வேலை, மரியாதையான பேச்சு, இதுதான் வைத்தியமே. மூளைக்குள்ள என்ன நடக்குதுன்னு இவங்க ரெண்டு பேருக்கும் ஒண்ணும் தெரியாது, ஆனா ஆளு மனுசனாட்டம் இருந்தான்.

நம்மளுக்கு வெள்ளைக்காரன் குடுத்தது காப்பகம். சென்னையில 1794லயே வாலன்டைன் கானலிங்கற சர்ஜன் ஒண்ணு ஆரம்பிச்சாரு, கீழ்ப்பாக்கம் 1871ல வந்துச்சு. 1912 சட்டப்படி மேஜிஸ்ட்ரேட் ஆர்டர் போட்டு உள்ள அனுப்பலாம்னு இருந்துச்சு, அதாவது நோயாளிக்கும் கோர்ட்டுக்கும்தான் பேச்சு. நம்ம கொங்குப் பக்கத்துச் சனத்துக்கு கீழ்ப்பாக்கம்ங்கறது ஒரு வசவு, அவ்வளவுதான், யாரு அத்தனை தூரம் கூட்டிட்டுப் போறது. அதனால வீட்லயேதான் வெச்சிருந்தாங்க.

எங்கம்மாவோட சித்தப்பா ஒருத்தர், எங்களுக்கு சின்ன அப்பிச்சி. தோட்டத்துச் சாளையில கட்டுத்தரையை ஒட்டி தட்டுப்போர் பக்கமா ஒரு ரூம், அதுல வெச்சு வெளிய தாழ்ப்பா போட்டிருவாங்க, ஜன்னல்ல கம்பி ஒண்ணை அறுத்து எடுத்திருந்தாங்க, அந்தச் சந்துல வட்டலு போற அளவுக்கு. அமுச்சி கம்மஞ்சோத்தை அதுல நீட்டிட்டு, "உண்ணு சாமி, உண்ணு"ன்னு அவரு வாங்கற வரைக்கும் நின்னுட்டு இருக்குமாமா. ஒரம்பரை வந்தா அந்தப் பக்கம் போகாதீங்கம்பாங்க. முனி அடிச்சிருச்சுன்னு மந்திரிச்சாங்க, தாயத்து கட்டினாங்க, குணசீலம் பெருமாள் கோயிலுக்குக் கூட்டிட்டுப் போயி ஒரு மண்டலம் தங்க வெச்சாங்க, அங்க இருக்கற வரைக்கும் நல்லா இருப்பாரு, திரும்பி வந்து அதே ரூம்ல விட்டா மறுபடியும் சத்தம். கடைசியில ஒரு டாக்டர் குளோர்ப்ரோமசின்ங்கற மாத்திரையை எழுதிக் குடுத்தாரு. கை நடுங்குச்சு, எச்சி ஒழுகுச்சு, பகல்லயும் தூங்குவாரு, ஆனா தாழ்ப்பாளைத் தொறந்துட்டாங்க. அப்புறம் வாய்க்கால்ல மடை திருப்பறது, தேங்கா உரிக்கறதுன்னு சாகற வரைக்கும் வெளியதான் இருந்தாரு.

அந்த மாத்திரை கதையும் சொல்றேன். முதல்ல ஆபரேசன் பண்றப்ப ஆளை அமைதியா வெக்கத்தான் அதைப் பாத்திருக்காங்க, 1952ல பாரிஸ்ல மனநோய்க்குக் குடுத்துப் பாத்தா வார்டே அடங்கிருச்சு. ஆனா அதுக்கு முன்னாடியே, 1931ல கல்கத்தாவுல சென், போஸ்னு ரெண்டு பேரு நம்ம சர்ப்பகந்தா வேரு ரத்தக் கொதிப்புக்கும் பைத்தியத்துக்கும் கேக்குதுன்னு எழுதிட்டாங்க. அதுல இருந்து ரிசர்பின்ங்கற மருந்தைப் பிரிச்செடுத்தது 1952ல, வெளிநாட்டுக்காரன் திரும்பிப் பாத்ததும் அப்பத்தான்.

சயின்ஸ் வந்தா எல்லாம் சரியாயிரும்னும் இல்லீங்க. 1913ல ஒரு வகைப் பைத்தியம் மூளைக்குள்ள இருக்கற சிபிலிஸ் கிருமியாலதான்னு கண்டுபிடிச்சாங்க, அது நெசமான முன்னேற்றம். ஆனா அதே மருத்துவம் 1851ல, அமெரிக்காவுல அடிமைகள் தப்பிச்சு ஓடறதே ஒரு மனநோய்னு பேரு வெச்ச கார்ட்ரைட்ங்கற டாக்டரையும் பாத்திருக்கு, மூளையில நரம்பை வெட்டி விடற ஆபரேசனுக்கு 1949ல மோனிஸ்ங்கற டாக்டருக்கு நோபல் பரிசும் குடுத்திருக்கு. ஆணும் ஆணும் விரும்பறதை நோய்ப் பட்டியல்ல இருந்து அமெரிக்க மனநல டாக்டர்கள் சங்கம் எடுத்ததே 1973லதான்.

இதுக்கு நேர் எதிரா ஒண்ணு சொல்றேன். வேலாயுதம்பாளையம்புதூர்னு ஒரு ஊரு, பேரைக் கேட்டாலே நம்ம பக்கம்னு தெரிஞ்சுக்கலாம், அங்க முத்துசாமி கோயில். வந்து தங்கியிருந்த 31 பேரை டாக்டருங்க வந்தப்பவும் போறப்பவும் சோதிச்சு, 2002ல பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்ல போட்டாங்க. பெரும்பாலும் ஸ்கிசோஃப்ரீனியா (மனச்சிதைவு) மாதிரி பெரிய நோவு. மாத்திரை இல்ல, பேயோட்டறது இல்ல, கோயிலைக் கூட்டறது, செடிக்குத் தண்ணி ஊத்தறது, கூட வீட்டாளு ஒருத்தர். நோயோட அளவு கிட்டத்தட்ட 20 சதவீதம் குறைஞ்சிருக்கு, இது சில மாத்திரை தர்ற பலனுக்குச் சமம்னு எழுதியிருக்காங்க. இது முத்துசாமி செஞ்சாரா, யார்க் டீத்தூள்காரர் செஞ்ச அதே சமாச்சாரமான்னு நீங்களே முடிவு பண்ணிக்கங்க, எனக்கு ரெண்டாவதுதான்.

அதுக்காக கோயிலும் தர்காவும் போதும்னு கெளம்பிராதீங்க. 2001 ஆகஸ்ட் 6, ஏர்வாடி. தர்காவை நம்பி வந்தவங்களை வெச்சிருந்த ஒரு காப்பகத்துல கொட்டாய் தீப்புடிச்சு 28 பேரு செத்தாங்க, சங்கிலியில கட்டியிருந்ததால ஓட முடியல. பாரிஸ்ல சங்கிலி கழட்டி 200 வருசம் கழிச்சுங்க. யாரையும் எந்த முறையிலயும் சங்கிலியில கட்டக்கூடாதுன்னு நம்ம மனநலச் சட்டம் எழுத்துல போட்டது 2017லதான்.

சரி, இப்ப மாறிருச்சான்னா, கடையில உக்காந்து பாக்கறதைச் சொல்றேன். உள்ளூர்ல தெரியக்கூடாதுன்னு காங்கேயத்து ஆளு சீட்டைத் தூக்கிட்டு திருப்பூர் போறாரு, தாராபுரத்து ஆளு எங்க கடைக்கு வர்றாரு. அட்டையில பேரு தெரியாம பேப்பர்ல மடிச்சுக் குடுங்கண்ணாங்கறாங்க. மனநல டாக்டரை எல்லாரும் "நரம்பு டாக்டர்"தான்றாங்க. யாராச்சும் சாகறதுக்குப் பூச்சி மருந்து குடிச்சுட்டாங்கன்னா போலீஸ்ல எழுதிக் குடுக்கறது "வயித்து வலி தாங்காம". அது வெறும் வெக்கம் மட்டும் இல்ல, பொழைச்சு வந்தா கேஸு வேற இருந்துச்சு. 2017 சட்டம், தற்கொலைக்கு முயற்சி பண்ணினவரு கடுமையான மன அழுத்தத்துல இருந்ததாத்தான் எடுத்துக்கணும், தண்டிக்கக்கூடாதுன்னு சொல்லிருச்சு, 2024 ஜூலையில வந்த புதுச் சட்டத்துல அதுக்குத் தண்டனை சொன்ன பழைய 309 பிரிவே இல்ல. இது நெறையப் பேருக்கு இன்னும் தெரியல, எழுதறப்ப பழக்கத்துல வயித்து வலிதான் வருது.

ஆனா ஒரு மாற்றம் இருக்குங்க. இருவது இருவத்தஞ்சு வயசுப் பசங்க, மில்லுல வேலை பாக்கற புள்ளைங்க, தூக்கம் வரல, படபடன்னு இருக்குதுன்னு அவங்களே வந்து வாய்விட்டுக் கேக்கறாங்க. சீட்டு இல்லாம நான் மாத்திரை குடுக்க மாட்டேன், ஜிஹெச்ல மனநல டாக்டரைப் பாக்கச் சொல்லிட்டு 14416ங்கற டெலி மானஸ் (அரசாங்கத்தோட மனநல உதவி) நம்பரை பில்லுப் பின்னாடி எழுதிக் குடுக்கறேன், ஃப்ரீதான், தமிழ்லயே பேசுவாங்க.

தலைவலி எல்லாம் கல்யாணப் பேச்சு வர்றப்பத்தான். ரெண்டு மூணு வருசமா மாசாமாசம் வாங்கிட்டு இருந்தவங்க திடீர்னு வர மாட்டாங்க, விசாரிச்சா பொண்ணு பாத்திருக்கோம், அங்க தெரிஞ்சா வம்புன்னு மாத்திரையை நிறுத்திட்டோம்பாங்க. டாக்டரைக் கேக்காம நிறுத்தாதீங்கண்ணான்னு சொல்லுவேன், சிரிச்சுட்டுப் போயிருவாங்க.