லாக்ஸ்டனில் என்ன இருக்கிறது?

அன்புள்ள ஐயா,

நாட்டிங்ஹாமில் இருக்கும் மகள் வீட்டுக்கு நவம்பரில் போகிறேன். பக்கத்தில் லாக்ஸ்டன் என்று ஒரு பழைய கிராமம் இருக்கிறதாமே. படங்களில் வெறும் வயல்தான் தெரிகிறது. ஒரு நாளைச் செலவழிக்கலாமா? எப்படிப் போவது? பொதுவில் கிடந்த நிலத்தை எவரும் பொறுப்பாகப் பார்க்காததால்தான் இங்கிலாந்து முழுக்க வேலி போட்டார்கள் என்று படித்தேன். சரிதானா?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

உங்கள் கடிதம் வந்தபோது லாக்ஸ்டனின் 1635ஆம் வருட வரைபட நகல்தான் என் மேஜையில் விரிந்து கிடந்தது. மார்க் பியர்ஸ் வரைந்தது. நிலத்தைத் துண்டு துண்டாகப் பிரித்துக் காட்டியதோடு, உழுகிறவர்களையும் அறுக்கிறவர்களையும் குட்டிக் குட்டியாக வரைந்திருக்கிறார். இதைப் பார்த்துக்கொண்டிருந்தவனிடம் ‘வெறும் வயல்’ என்றால் கோபம் வராதா?

வழியை மகளிடம் கேளுங்கள். அந்தக் கடைசிக் கேள்விக்குத்தான் இந்தப் பதில்.

பொதுநிலம் பேராசையால் பாழாகும் என்று 1968இல் கேரெட் ஹார்டின் என்ற உயிரியலாளர் எழுதினார். அவர் எடுத்துக்கொண்டது ஒரு கற்பனை மேய்ச்சல் நிலம். அங்கே கேட்பாரே கிடையாது. லாக்ஸ்டனில் கேட்பார் உண்டு. மேற்கு வயல், மில் வயல், தெற்கு வயல் என்று மூன்று. ஒன்றில் குளிர்காலக் கோதுமை, ஒன்றில் வசந்தகால விதைப்பு, ஒன்று தரிசு. வருடாவருடம் முறை மாறும். துண்டுகள் தனித்தனி விவசாயிகள் கையில்தான், ஆனால் இந்த முறையை யாரும் மீற முடியாது. நடுவே வேலி கிடையாது. பொறுப்பில்லாதவர்களால் இதை இத்தனை நூற்றாண்டு நடத்த முடியுமா, சொல்லுங்கள். வேலி போட்டவர்கள் பெரிய நிலக்கிழார்கள். அதற்கென்று பாராளுமன்றத்தில் 5,000க்கு மேல் சட்டங்கள் போட்டு 68 லட்சம் ஏக்கரை வளைத்தார்கள். கூலிக்காரனின் ஒற்றைப் பசு மேய இடமில்லாமல் போனது. அதைப் போய்ப் பொறுப்பு என்கிறீர்களே! படித்ததை அப்படியே நம்பாதீர்கள், எஸ்.

நான் போனதும் நவம்பர் கடைசியில்தான். அன்று ஜூரிகள், அதாவது யாராவது எல்லை மீறியிருக்கிறார்களா என்று பார்க்க ஊர் மன்றம் நியமித்தவர்கள், கோதுமை வயலைச் சுற்றி வரும் நாள். அவர்களும் அந்த ஊர் விவசாயிகளே. முழங்கால் வரை சேறு. ஓரிடத்தில் ஒரு பெரியவர் நின்று, பூட்ஸ் முனையால் மண்ணைத் தள்ளிப் பார்த்தார். ஏர் ஒரு சாண் அளவுக்குப் பொதுப் புல்பாதைக்குள் ஏறியிருந்தது. ஒரு சாண்தான்! குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார்கள். எல்லையில் முளைக்குச்சியை வைத்து இன்னொருவர் சம்மட்டியால் நாலு போடு போட்டார். அடுத்த வாரம் ஊர் மன்றத்தில் அபராதம். தொகை சின்னதுதான், ஆனால் பேரைச் சொல்லி வாசிப்பார்கள். இந்த மன்றத்தின் அதிகாரத்தை 1977ஆம் வருடச் சட்டமும் விட்டுவைத்திருக்கிறது.

உழுதவர் யார் என்று மெல்லக் கேட்டேன். பெரியவர் தன் பக்கத்தில் நின்ற ஜூரியைக் கைகாட்டினார். அவர் முகம் சிவந்து நின்றார். அப்புறம் மதியம், டவ்கோட் விடுதியில், இரண்டு பேரும் ஒரே மேஜையில் சாப்பிட்டார்கள்.