ஒட்டுப்போட்டவர் என்று சொல்லாதீர்கள்

கேள்வி: காந்தி ஆவணப்படத்தில் ஏ.கே. செட்டியார் தானே எடுத்த காட்சிகளைவிட மற்றவர்கள் எடுத்தவைதானே அதிகம்? கிடைத்ததை ஒட்டுப்போட்டவரை முன்னோடி என்று ஏன் கொண்டாடுகிறீர்கள்?
– வாசகர், திருச்சி

பதில்: காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் செட்டியாருக்கு வந்தது 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில். தண்டி நடை அதற்கு ஏழு வருஷம் முன்பே முடிந்துவிட்டது, 1931 வட்டமேஜை மாநாடும் முடிந்துவிட்டது. அதையெல்லாம் அவர் எப்படித் திரும்பப் படம் பிடிக்க முடியும், சொல்லுங்கள்? அந்தந்த நாளில் அங்கே கேமராவோடு நின்றவர் யார், அவர் எடுத்த ரீல் இப்போது எந்த ஊரில் யாரிடம் இருக்கிறது என்று தேடிப் போவதைத் தவிர வேறு வழியே கிடையாது.

அப்படித் தேடித்தான் கோட்டையூரில் பிறந்த அந்த இருபத்தைந்து வயதுக்காரர் தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று மூன்று வருஷத்தில் சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்தார். முப்பது வருஷ காலத்தில் ஏறக்குறைய நூறு கேமராக்காரர்கள் எடுத்த 50,000 அடி பிலிம் சேர்ந்தது. ஓட்டிப் பார்க்கவே ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதிலிருந்து 12,000 அடிக்கு வெட்டித் தொகுத்து 1940-ல் தமிழில் வெளியிட்டார். வெள்ளைக்காரன் ஆட்சி, நடுவில் உலகப்போர், அன்றைய நைட்ரேட் பிலிமோ சட்டென்று தீப்பிடிக்கக்கூடியது. இதை ஒட்டுப்போடுவது என்று எழுத உங்களுக்கு எப்படி மனசு வந்தது?

அப்புறம், இது ஒரு படத்தோடு முடிந்துபோன ஆர்வமும் இல்லை. 1943-லிருந்து 1983-ல் இறக்கும்வரை 'குமரி மலர்' என்ற இதழை நடத்தினாரே, அதிலும் இதே வேலைதான். பழைய பத்திரிகைகளில் புதைந்து கிடந்த கட்டுரைகளைத் தேடியெடுத்து மறுபடி அச்சில் ஏற்றினார். தன் புகைப்படம் வெளிவருவதைக்கூட விரும்பாத மனிதர். அதனால்தானோ என்னவோ, நமக்கு அவர் முகமே தெரியாமல் போயிற்று.

எனக்குக் கோபம் வேறு இடத்தில். ஊர் ஊராகப் போய் அவர் சேர்த்ததை நாம் ஒரே இடத்தில் வைத்துக் காப்பாற்றவில்லை. தமிழ்ப் படம் முழுசாக நம் கையில் இல்லை. 1953-ல் அமெரிக்காவில் வெளியான ஆங்கில வடிவத்தின் சுருக்கத்தை சான் பிரான்சிஸ்கோவில் ஒரு பல்கலைக்கழகத்தில் வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி கண்டுபிடித்தார், அதுவும் இல்லையென்றால் பேச்சு மட்டும்தான் மிஞ்சியிருக்கும்.

செட்டிநாட்டு வீடுகளிலோ மூடிக்கிடக்கும் பழைய தியேட்டர்களிலோ துருப்பிடித்த ரீல் டப்பா யார் கண்ணிலாவது பட்டால் தயவுசெய்து பழைய இரும்புக்குப் போடாதீர்கள், வெயிலிலும் வைக்காதீர்கள், திறந்து பிரித்துப் பார்க்கவும் வேண்டாம். புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது, அவர்களுக்கு ஒரு கடிதம் போடுங்கள், எங்களுக்கும் ஒரு வரி எழுதுங்கள்.