குவாய் படத்துத் தாதி

கேள்வி: ஹட்டனிலிருந்து கொழும்புக்கு பஸ்ஸில் போகும்போதெல்லாம் கித்துல்கலவில் "இங்கேதான் குவாய் பாலம் படம் எடுத்தார்கள்" என்று யாராவது கை காட்டுவார்கள். அதில் தாதியாக வரும் வெள்ளைக்கார நடிகை யார், அப்புறம் என்ன ஆனார்? - வாசகி, ஹட்டன்

பதில்: 'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' என்ற அந்த ஆங்கிலப் படத்தில் தாதியாக வருபவர் பெயர் ஆன் சியர்ஸ். 1933இல் பிறந்த ஆங்கிலேயர். நீங்கள் அவரைத் தேட வேண்டிய இடம் கித்துல்கல இல்லை, கல்கிசை. களனி கங்கைக்குக் குறுக்கே கட்டி 1957 மார்ச்சில் ரயிலோடு வெடி வைத்துத் தகர்த்த அந்தப் பாலத்தின் பக்கமே அவருக்கு வேலையில்லை. கல்கிசை ஹோட்டலை ஆஸ்பத்திரியாகக் காட்டினார்களே, அங்கே கடற்கரை மணலில் படத்தின் நாயகர்களில் ஒருவரான வில்லியம் ஹோல்டனோடு கொஞ்ச நேரம் சிரித்துப் பேசிவிட்டுப் போய்விடுவார், அத்தோடு சரி. மூல நாவலில் இந்தத் தாதியே கிடையாது. ஒரு வெள்ளைக்காரப் பெண்கூட இல்லாமல் படமா என்று ஸ்டூடியோ முதலாளிகள் பிடிவாதம் பிடித்ததால் நுழைத்த காட்சி இது, இயக்குநர் டேவிட் லீனுக்கு அது கொஞ்சமும் பிடிக்கவில்லை. படம் 7 ஆஸ்கார் வாங்கியது. அதில் ஆன் சியர்ஸுக்கு என்ன கிடைத்தது என்று யோசித்தால் எனக்கு உண்மையிலேயே கவலையாக இருக்கிறது, ஏனென்றால் அவர் நன்றாக நடிக்கத் தெரிந்தவர்.

நம்பவில்லை என்றால் 1958இல் வந்த 'கேட் அண்ட் மவுஸ்' பாருங்கள். ஆவணப்படங்களுக்குப் பேர்போன பால் ரோத்தா எடுத்த சின்னக் கறுப்பு வெள்ளைப் படம். கொலைக் குற்றத்துக்காகத் தூக்கிலிடப்பட்ட ஒருவரின் மகளாக வருகிறார். அப்பா ஒளித்து வைத்ததாகச் சொல்லப்படும் வைரங்களுக்காக, இராணுவத்திலிருந்து ஓடிவந்த ஓர் அமெரிக்கன் அவரை அடைத்து வைக்கிறான். இங்கே அவர்தான் கதாநாயகி, கதையே அவர் மேல்தான் நிற்கிறது. அதற்குப் பிறகும் சின்னச் சின்ன பிரிட்டிஷ் படங்கள்தான், 1962இல் 'ஷீ ஆல்வேஸ் கெட்ஸ் தெயர் மேன்' அதில் ஒன்று. 1992இல் காலமானார்.

கேள்வி: ஹெதர் சியர்ஸ் அவருடைய தங்கையா? இருவரில் யார் பெரிய நடிகை? - வாசகர், தலவாக்கலை

பதில்: ஆமாம், சொந்தத் தங்கை, இரண்டு வயது இளையவர். பேரும் புகழும் தங்கைக்குத்தான். அக்கா தாதியாக வந்த அதே 1957இல் தங்கை, 'த ஸ்டோரி ஆஃப் எஸ்தர் காஸ்டெல்லோ' படத்தில் பார்வையும் கேட்கும் சக்தியும் பேச்சும் இழந்த எஸ்தராக நடித்து பிரிட்டனின் பெரிய திரைப்பட விருதான பாஃப்டாவே வாங்கிவிட்டார், அப்புறம் 'ரூம் அட் த டாப்', 'சன்ஸ் அண்ட் லவர்ஸ்' என்று நல்ல படங்களும் அமைந்தன. யார் பெரியவர் என்று கேட்டால் என் ஓட்டு தங்கைக்குத்தான். ஆனால் அப்படி ஒரு வேஷம் அக்காவுக்கு யாரும் கொடுக்கவே இல்லை என்பதையும் சேர்த்துத்தான் சொல்வேன்.