என்18.3னா டயாலிசிஸா?

கேள்வி: அம்மாவோட டிஸ்சார்ஜ் சம்மரில 'என்18.3'னு போட்டிருக்கு, டாக்டர்கிட்ட கேக்க விட்டுப்போச்சு. டயாலிசிஸ் கிட்ட வந்துட்டோமா? தூக்கமே வரல.

பதில்: பயப்படாதீங்க. அது உலக சுகாதார அமைப்போட ஐசிடி-10ங்கற நோய்ப் பட்டியல்ல வர்ற குறியீடு, என்18னா நாள்பட்ட கிட்னி நோய், புள்ளிக்கு அப்புறம் வர்றது ஸ்டேஜ், 3ன்னா இஜிஎஃப்ஆர், அதாவது கிட்னி ரத்தத்தை எவ்வளவு வடிகட்டுதுங்கற அளவு, 30லேருந்து 59க்குள்ள இருக்குன்னு அர்த்தம். 15க்குக் கீழ போனாதான் 5வது ஸ்டேஜ், டயாலிசிஸ் பேச்சு பெரும்பாலும் அங்கதான் வரும். என்17னு இருந்தா திடீர்னு வந்த பாதிப்பு, அது பல பேருக்கு சரியாகிடும். ஒரே ஒரு டெஸ்ட்டை வெச்சு என்18 போடக்கூடாதுங்க, பாதிப்பு 3 மாசத்துக்கு மேல இருந்திருக்கணும், அதனால பழைய கிரியேட்டினின் (கிட்னிக்கான ரத்த டெஸ்ட்) ரிப்போர்ட்டெல்லாம் தேடி எடுத்துட்டுப் போய் டாக்டர்கிட்ட காட்டுங்க. முட்டிவலிக்கு கடைல மாத்திரை வாங்கிப் போடறாங்கன்னா அதையும் மறைக்காம சொல்லிடுங்க, சில வலி மாத்திரை கிட்னியைப் பாதிக்கும்.