கருப்பட்டியில் ஜகார்த்தா காபி

கேள்வி: கல்லூரிப் பக்கம் சின்ன ஜூஸ் கடை வைத்திருக்கிறேன். இந்தோனேசியப் பிள்ளைகள் குடிக்கும் வெல்லப் பால் காபியை மாணவர்கள் கேட்கிறார்கள். நம்ம கருப்பட்டியில் போட்டால் சில நாள் பால் திரிகிறது, சில நாள் தண்ணியாக இருக்கிறது. எங்கே தப்பு?
– வாசகர், மார்த்தாண்டம்

பதில்: அதற்குப் பெயர் 'கோப்பி சூசூ கூலா ஆரென்'. ஆரென் என்பதும் ஒரு பனைதான், ஆனால் நம்ம பனை இல்லை, வேறு இனம். அதன் பாளையைச் சீவி இறக்கும் அக்கானியை, அதாவது பதநீரை, காய்ச்சித்தான் வெல்லம் எடுக்கிறார்கள். தெற்கு ஜகார்த்தாவில் 2015-ல் தொடங்கிய துக்கு போன்ற கடைகள் இதைப் பிரபலமாக்கின. அங்கே இளைஞர்கள் கூடி உட்கார்ந்து மணிக்கணக்காகப் பேசுவதை 'நொங்க்ரோங்' என்பார்கள். அந்தப் பேச்சுக்குத் துணை இந்த கிளாஸ்.

முதலில் திரிவது. கலயத்தில் சுண்ணாம்பு குறைந்தால் அக்கானி புளிக்கும். அந்தக் கருப்பட்டி சூடான பாலைத் திரித்துவிடும். புதுக் கட்டி வாங்கியதும் ஒரு கரண்டி பாகைக் கொதிக்கும் பாலில் விட்டுப் பாருங்கள். திரிந்தால் அதைப் பலகாரத்துக்கு ஒதுக்குங்கள். நல்ல கட்டியானாலும் பாகும் பாலும் ஆறிய பிறகே சேர வேண்டும்.

பாகுக்கு 200 கிராம் கருப்பட்டி, 120 மில்லி தண்ணீர். கரைந்ததும் ஐந்து நிமிடம் கொதித்தால் போதும். கம்பிப் பதம் வந்துவிட்டால் ஐஸ் பட்டதும் கிளாஸ் அடியில் மிட்டாயாக ஒட்டிக்கொள்ளும். மண் இருக்கும், துணியில் வடிகட்டுங்கள். குளிர்சாதனப் பெட்டியில் வைத்தாலும் நுரை கண்டால் கொட்டிவிடுங்கள்.

தண்ணியாவதற்குக் காரணம், சூடு ஆறாத டிகாக்‌ஷனை ஐஸ் மேல் ஊற்றுவது. 40 கிராம் தூளுக்கு 150 மில்லி வெந்நீர் விட்டு, முதல் டிகாக்‌ஷனை மட்டும் எடுத்து ஆற வையுங்கள். இரண்டு கிளாசுக்கு வரும். சிக்கரி வேண்டாம், கருப்பட்டி மணத்தை அது அமுக்கிவிடும். அங்கேயும் அதிகம் விளைவது ரொபஸ்டா வகைக் காபிதான். உங்களுக்கு வயநாட்டு ரொபஸ்டா கிடைக்கும்.

அடியில் 25 மில்லி பாகு, மேலே ஐஸ், 120 மில்லி காய்ச்சி ஆறிய குளிர்ந்த பால், கடைசியில் டிகாக்‌ஷன். இந்த அடுக்கு கலையாமல் கொடுங்கள், குடிப்பவர் கலக்கிக்கொள்ளட்டும்.

கேள்வி: இந்தோனேசியப் பிள்ளைகள் பாத்திக் துணியை டி-ஷர்ட்டோடு சுற்றிக் கட்டுகிறார்களே, எப்படி?
– வாசகி, செங்கோட்டை

பதில்: அந்தப் பழக்கத்துக்குப் பெயர் 'பெர்காயின்'. இரண்டரை மீட்டர் துணியை இடுப்பில் இறுக்கிச் சுற்றி, முன்பக்கம் வரும் ஓரத்தை இரண்டு விரல் அகலத்தில் கொசுவி, மேலே பெல்ட் போடுங்கள். ஷூ தெரிய, கணுக்காலுக்கு மேலே நிற்கட்டும். வாங்கும்போது துணியைத் திருப்பிப் பாருங்கள்: மெழுகு வைத்துச் சாயம் ஏற்றியதில் இரு பக்கமும் நிறம் ஏறக்குறைய ஒன்றுபோல் இருக்கும், அச்சில் பின்பக்கம் வெளிறும். சோப்புத்தூளில் ஊற வைக்காதீர்கள். அவர்கள் பாத்திக்கை அலசுவது லெராக் காயில். அது நம்ம பூந்திக்கொட்டையின் இனம்தான். நிழலில் காயப்போடுங்கள்.